கங்காருக் குட்டி அரைகுறையா?



எங்கள் திருத்தணி மலைக்கு 365 படிகள். ஆண்டின் ஒரு நாளுக்கு ஒரு படி என்று பெரியவர்கள் சொல்வார்கள். பள்ளிக்கூட வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகு, வாரம் ஒருமுறையாவது அந்தப் படிகளில் ஏறி இறங்குவது என் வழக்கம். முழங்கால் வலிக்கும்போது நடுவில் உட்கார்ந்து, படியோரக் குரங்குகளை வேடிக்கை பார்ப்பேன்.

ஓர் ஆடிக் கிருத்திகை முடிந்து கூட்டம் குறைந்திருந்த நாள் அது. அப்படி உட்கார்ந்திருந்தபோது, "சார்!" என்று ஒரு குரல் கேட்டது. இளம் கணவன், மனைவி. கைக்குழந்தையைக் கரும்புத் தொட்டிலில் இட்டுக் கோயிலைச் சுற்றி வந்து, வேண்டுதலை முடித்துவிட்டு இறங்கிக்கொண்டிருந்தார்கள்.

"சார், நல்லா இருக்கீங்களா? என்னைத் தெரியுதா? ஆறாம் வகுப்புல உங்ககிட்ட படிச்சேன்" என்றாள் அந்தப் பெண்.

முகம் தெரிந்தது. "தெரியுதும்மா. யாரு, உன் பிள்ளையா?" என்றேன்.

"ஆமா சார். எட்டு மாசம்கூட ஆகல, அதுக்குள்ள பிறந்துட்டான். ஒன்றரைக் கிலோதான் இருந்தான். ஆஸ்பத்திரியில, கங்காரு மாதிரி நெஞ்சோட சேர்த்துக் கட்டிக்கச் சொன்னாங்க. ராத்திரி பகலா வெச்சிருந்தேன். இப்போ பாருங்க!"

அந்தப் பயல் அதற்குள் என் மூக்குக் கண்ணாடியைப் பிடித்து இழுத்துவிட்டான். எல்லோரும் சிரித்தோம். அப்போது அவள் சொன்னாள்: "கங்காருன்னு நர்ஸம்மா சொன்னதும் உங்க கிளாஸ்தான் சார் ஞாபகம் வந்துச்சு."

அதற்குப் பிறகு என்னால் சிரிக்க முடியவில்லை. ஏன் தெரியுமா? அந்த வகுப்பில் நான் ஒரு தவறு செய்தேன். அதைத்தான் இன்று உங்களிடம் சொல்லப் போகிறேன்.

நான் செய்த தவறு

இருபது ஆண்டுகளுக்கு முன் ஒரு நாள், பாலூட்டிகளைப் பற்றிப் பாடம் நடத்திக்கொண்டிருந்தேன். "கங்காருக் குட்டி அரைகுறையாகத்தான் பிறக்கும். மீதி வளர்ச்சி தாயின் வயிற்றுப் பையில் நடக்கும்" என்று சொல்லிவிட்டுக் கரும்பலகையில் படம் போடத் திரும்பினேன்.

பின் பெஞ்சிலிருந்து ஒரு பையன் எழுந்தான். "சார், இவகூட ஏழாம் மாசத்துல பிறந்தவதான். அப்போ இவளும் அரைகுறையா சார்?" என்று இந்தப் பெண்ணைக் காட்டிக் கேட்டான். வகுப்பே கொல்லென்று சிரித்தது. நானும் "சரி, உட்காருடா" என்று புன்னகையோடு சொல்லிவிட்டுப் பாடத்தைத் தொடர்ந்தேன். அவள் தலையைக் குனிந்துகொண்டாள். அந்த ஆண்டு முழுவதும் அவளுக்கு "கங்காருக் குட்டி" என்றே பட்டப்பெயர்.

கேலியை அங்கேயே நிறுத்தாதது என் முதல் தவறு. இரண்டாவது தவறு, நான் சொன்ன பாடமே சரியில்லை. "அரைகுறை" என்ற சொல் அந்தப் பெண்ணுக்கும் பொருந்தாது, கங்காருவுக்கும் பொருந்தாது. எப்படி என்று பார்ப்போமா?

பால் ஒன்று, வழி மூன்று

குட்டிக்குத் தன் உடலில் சுரக்கும் பாலைக் கொடுத்து வளர்க்கும் விலங்குகளே பாலூட்டிகள். இது உங்களுக்குத் தெரியும். இவற்றில் மூன்று கூட்டங்கள் இருக்கின்றன.

முதல் கூட்டம், முட்டையிடும் பாலூட்டிகள். வாத்து போன்ற அலகுள்ள பிளாட்டிபஸும், உடம்பெல்லாம் முள்ளாக இருக்கும் எக்கிட்னாவும் இதில் சேரும். இன்று உலகில் இருப்பவை மொத்தம் ஐந்தே இனங்கள். முட்டையிலிருந்து வெளிவந்த குஞ்சு, தாயின் தோலில் கசியும் பாலை நக்கிக் குடிக்கும்.

இரண்டாவது கூட்டம், பைப் பாலூட்டிகள். கங்காரு, கோலா, வாம்பாட் ஆகியவை இதில் அடங்கும். இந்தக் கூட்டத்தில் 300-க்கும் மேற்பட்ட இனங்கள் உண்டு. எல்லாம் ஆஸ்திரேலியாவில்தான் என்று நினைக்காதீர்கள். ஒபோசம் என்னும் நூற்றுக்கும் மேற்பட்ட இனங்கள் அமெரிக்கக் கண்டங்களில் வாழ்கின்றன.

மூன்றாவது கூட்டம் நம்முடையது. மனிதன், மாடு, ஆடு, நாய், எலி, வௌவால், யானை, திமிங்கிலம் எல்லாம் இதில் சேரும். நாம் தாயின் வயிற்றிலேயே நீண்ட காலம் வளர்கிறோம். அதற்கு உதவுவது நஞ்சுக்கொடி. வீட்டில் மாடு வளர்ப்பவர்கள் இதைப் பார்த்திருப்பீர்கள். பசு கன்று ஈன்ற பிறகு இளங்கொடி விழும். அதை வைக்கோலில் சுற்றி ஆலமரத்தில் கட்டித் தொங்கவிடுவார்களே, அதேதான். தாயின் இரத்தத்திலிருந்து உணவையும் உயிர்க்காற்றையும் வாங்கித் தொப்புள்கொடி வழியாகக் குட்டிக்கு அனுப்புவதும், குட்டியின் கழிவைத் திரும்ப எடுத்துக்கொள்வதும் இந்த நஞ்சுக்கொடியின் வேலை. அதனால்தான் மனிதக் குழந்தையால் ஒன்பது மாதத்துக்கு மேலும், யானைக் குட்டியால் ஏறக்குறைய 22 மாதமும் வயிற்றுக்குள்ளேயே இருக்க முடிகிறது.

கங்காருவுக்கும் நஞ்சுக்கொடி உண்டு. ஆனால் அது எளிய அமைப்பு. கொஞ்ச நாள்தான் வேலை செய்யும். ஆகவே கங்காருக் குட்டி சீக்கிரம் வெளியே வந்து, பாலை நம்பி வளர்கிறது.

நம் கூட்டத்தில் கர்ப்ப காலம் நீளம். பைப் பாலூட்டிகளிடம் கர்ப்ப காலம் குறைவு, பால் குடிக்கும் காலம் நீளம். உண்மையான வேறுபாடு இதுதான்.

முந்திரிப் பருப்பின் பயணம்

செங்கங்காருவை எடுத்துக்கொள்வோம். அதன் கர்ப்ப காலம் சுமார் 33 நாட்கள்தான். சுமார் 25 கிலோ எடையுள்ள தாய்க்குப் பிறக்கும் குட்டியின் எடை 1 கிராம்கூட இருக்காது! நீளம் இரண்டரை சென்டிமீட்டர். ஒரு முந்திரிப் பருப்பைக் கையில் எடுத்துப் பாருங்கள். கிட்டத்தட்ட அந்த அளவுதான். கண் திறந்திருக்காது. முடி கிடையாது. பின்னங்கால்கள் வெறும் மொட்டுகள்.

ஆனால் முன்னங்கால்களைப் பாருங்கள்! அவை வலுவாக வளர்ந்திருக்கும். நுனியில் நகமும் இருக்கும். பிறந்த அந்த நிமிடமே குட்டி தாயின் வயிற்று ரோமத்தைப் பற்றிப் பற்றி மேலே ஏறும். தாய் அதைக் கையால் தூக்கி வைப்பதில்லை. சில நிமிடங்களில் அது தானாகவே பைக்குள் போய், ஒரு காம்பை வாயில் கவ்விக்கொள்ளும். காம்பின் நுனி வாய்க்குள் பெருத்துக்கொள்வதால், தாய் தாவிக் குதித்தாலும் பிடி நழுவாது. ஏறக்குறைய எட்டு மாதம் அந்தப் பைதான் அதற்கு வீடு. வெளியே வந்த பிறகும் பல மாதங்கள் தலையை மட்டும் பைக்குள் விட்டுப் பால் குடிக்கும்.

இப்போது சொல்லுங்கள், இது அரைகுறையா?

"கண் தெரியாது, கால் இல்லை, அப்புறம் அரைகுறை இல்லாமல் என்ன சார்?" என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால் அந்தக் குட்டிக்கு அன்றைக்கு என்ன வேலை? ஏற வேண்டும், காம்பைத் தேட வேண்டும், பால் குடிக்க வேண்டும். ஏறுவதற்கான கை தயார். குடிப்பதற்கான வாய் தயார். குதிக்கும் காலுக்கு இன்னும் பல மாதம் வேலை இல்லை. அதனால் அது மெதுவாக வளர்கிறது. நாற்றங்காலில் இருக்கும் நெல் நாற்றைப் பார்த்து, "கதிர் இல்லையே, இது அரைகுறைப் பயிர்" என்று எந்த விவசாயியாவது சொல்வாரா?

நம் கூட்டத்திலும் எல்லாக் குட்டிகளும் ஓடிக்கொண்டே பிறப்பதில்லை. கன்றுக்குட்டி பிறந்து சிறிது நேரத்தில் எழுந்து நிற்கும். நாய்க்குட்டிக்குக் கண் திறக்கவே பத்து நாளுக்கு மேல் ஆகும். எலிக்குஞ்சு முடியில்லாமல் சிவப்பாகப் பிறக்கும். நாம் மட்டும் என்ன? நடக்கவே ஒரு வருடம் ஆகிறதே!

கங்காருத் தாயின் திறமை இன்னும் இருக்கிறது. பையில் ஒரு சிறு குட்டி, வெளியே ஓடும் ஒரு பெரிய குட்டி என்று இரண்டு பேர் ஒரே சமயத்தில் அதனிடம் பால் குடிப்பதுண்டு. அப்போது ஒரு காம்பில் சிறியதற்கு ஏற்ற பாலும், இன்னொரு காம்பில் பெரியதற்கு ஏற்ற கொழுப்பு மிகுந்த பாலும் சுரக்கும். அத்துடன் வயிற்றில் ஒரு கரு, வளராமல் அப்படியே காத்துக்கொண்டிருக்கும். பையிலிருக்கும் குட்டி இடத்தைக் காலி செய்யும் சமயத்தில்தான் அது மறுபடி வளரத் தொடங்கும். மழை பொய்த்துப் புல் காய்ந்துபோகும் நாட்டில் இப்படிக் காத்திருக்கத் தெரிவது எவ்வளவு பெரிய உதவி!

பை இருந்தால் போதுமா?

தேர்வில் "கங்காருவுக்கும் மற்றப் பாலூட்டிகளுக்கும் உள்ள வேறுபாடு யாது?" என்று கேட்டால், "வயிற்றில் பை உண்டு" என்று ஒரே வரியில் எழுதி முடிப்போம். நானும் அதற்கு முழு மதிப்பெண் போட்டிருக்கிறேன். அது போதாது.

கரையான் தின்னும் நம்பாட் என்ற விலங்கும் பைப் பாலூட்டிதான். ஆனால் அதற்குப் பையே கிடையாது! குட்டிகள் தாயின் ரோமத்துக்கு நடுவே காம்பைப் பிடித்துத் தொங்கிக்கொண்டிருக்கும். மண்ணைத் தோண்டி வளை அமைக்கும் வாம்பாட்டுக்குப் பை உண்டு. ஆனால் அதன் வாய் பின்பக்கம் பார்த்திருக்கும். முன்பக்கம் பார்த்திருந்தால், தோண்டும்போது குட்டியின் தலையில் மண் விழுமே! கடல்குதிரையில் ஆணுக்கு வயிற்றில் பை உண்டு. அது பாலூட்டியே அல்ல, மீன். ஆகவே பை ஓர் அடையாளம்தான். எவ்வளவு நாள் வயிற்றில், எவ்வளவு நாள் பாலில் என்ற கணக்குதான் முக்கியம்.

படிக்கட்டு அல்ல, ஆலமரம்

அந்தக் காலத்துப் புத்தகங்கள் சில, பாலூட்டிகளைப் படிக்கட்டு போல அடுக்கி வைத்திருக்கும். முட்டையிடுபவை கீழ்ப்படி, பை உள்ளவை நடுப்படி, நாம் மேல்படி! நானும் அப்படியே கற்றேன், அப்படியே கற்பித்தேன். "அரைகுறை" என்ற சொல் என் வாயில் வந்ததற்கு அந்தப் படிக்கட்டுதான் காரணம்.

திருத்தணி மலைக்குப் படிக்கட்டு சரி. உயிர்களுக்கு அது சரிவராது. உயிர்களைக் கிளைகள் பிரிந்த ஆலமரமாக நினையுங்கள். நம் கூட்டமும் பைப் பாலூட்டிகளின் கூட்டமும் ஒரே மூதாதையிலிருந்து வந்து, 12 கோடி ஆண்டுகளுக்கும் முன்பே தனித்தனிக் கிளைகளாகப் பிரிந்தவை. கங்காரு நம்மைப் போல ஆக முயன்று பாதியில் நின்றுபோன விலங்கு அல்ல. அது தன் கிளையில் முழுமையாக வளர்ந்த விலங்கு.

குரங்குக் குட்டி தாயைப் பிடித்துக்கொள்ளும், பூனையோ தன் குட்டியைத் தானே கவ்விக்கொள்ளும் என்று பெரியவர்கள் உவமை சொல்வார்கள். எங்கள் மலைப்படிகளில் முதல் காட்சியைத் தினமும் பார்க்கலாம். தாய்க் குரங்கு மதில்மேல் தாவும்போது, குட்டி அதன் வயிற்றைக் கட்டிக்கொண்டு தொங்கும். அதுதான் குரங்குப் பிடி! கங்காரு மூன்றாவது வழி. குட்டியும் பிடித்துக்கொள்கிறது, தாயும் பையில் வைத்துக்கொள்கிறது. மூன்றில் எது உயர்ந்தது? மூன்று குட்டிகளும் பிழைக்கின்றன. அப்புறம் உயர்வு தாழ்வு எதற்கு?

நம் நாட்டில் ஏன் இல்லை?

"குரங்கு இருக்கிற மாதிரி நம்ம மலையில கங்காரு ஏன் சார் இல்ல?" என்று ஒவ்வோர் ஆண்டும் யாராவது கேட்பார்கள். ஒரு காலத்தில் இந்தியாவும் ஆஸ்திரேலியாவும் அண்டார்க்டிகாவும் ஒட்டிக்கொண்டிருந்த ஒரே பெரிய நிலம். அந்தப் பழங்காலச் செடிகளின் இலைத் தடங்கள், எங்கள் ஊருக்குத் தென்கிழக்கே ஸ்ரீபெரும்புதூர்ப் பகுதிப் பாறைகளில் கிடைத்திருக்கின்றன. ஆனால் இந்தியா சுமார் 12, 13 கோடி ஆண்டுகளுக்கு முன்பே அந்த இரண்டையும் விட்டுப் பிரிந்து வடக்கே நகரத் தொடங்கிவிட்டது. பைப் பாலூட்டிகளோ தென் அமெரிக்காவிலிருந்து அண்டார்க்டிகா வழியாகப் பின்னால்தான் ஆஸ்திரேலியாவுக்குப் போயின. அங்கே கிடைத்த அவற்றின் மிகப் பழைய எலும்புகளுக்கு வயது சுமார் ஐந்தரைக் கோடி ஆண்டுகள். பேருந்து புறப்பட்ட பிறகு நிறுத்தத்துக்கு வந்த பயணிகள் மாதிரி, நம்மை அவை தவறவிட்டுவிட்டன!

ஆனாலும் 2022 ஏப்ரலில் மேற்கு வங்காளத்தின் ஜல்பாய்குரி மாவட்டத்தில், சாலையோரம் கங்காருகள் நின்றன. கடத்தல்காரர்கள் கொண்டுவந்து விட்டுப்போனவை என்று சந்தேகிக்கப்பட்டது. எலும்பும் தோலுமாக இருந்த அவற்றை வனத்துறையினர் மீட்டு, சிலிகுரி அருகே உள்ள விலங்குப் பூங்காவுக்குக் கொண்டுபோனார்கள். வேடிக்கைக்காக வளர்க்க ஆசைப்படும் மனிதர்களால், வேறொரு நாட்டுப் புல்வெளியில் வாழ வேண்டிய விலங்கு நம் தார்ச் சாலையில் திகைத்து நின்றது. அந்தக் கங்காருகளை நினைத்தால் எனக்கு இன்றும் மனம் வலிக்கிறது.

கங்காருவிடம் கற்ற மருத்துவம்

இப்போது அந்தப் பெண்ணின் குழந்தைக்கு வருவோம். கங்காருக் குட்டி 33 நாளில் பிறப்பது அதற்குரிய சரியான காலம். மனிதக் குழந்தை 37 வாரத்துக்கு முன் பிறந்தால், அது நமக்குரிய காலத்துக்கு முந்தியது. அப்படிப் பிறக்கும் குழந்தையின் உடலில் சூடு நிற்காது. அதனால் பெட்டி போன்ற கருவியில் வைத்துக் கதகதப்பாகக் காப்பாற்றுவார்கள்.

1978-ல் தென் அமெரிக்காவில் கொலம்பியா நாட்டின் பொகோட்டா நகரில், அந்தக் கருவிகள் போதவில்லை. எட்கர் ரே என்ற மருத்துவர் ஒரு வழி சொன்னார். குழந்தையைத் தாயின் நெஞ்சில், தோலோடு தோல் படும்படி நிமிர்த்தி வைத்துத் துணியால் கட்டிக்கொள்வது. தாயின் உடல் சூடுதான் குழந்தைக்குப் போர்வை, தாய்ப்பால்தான் உணவு. இதற்குக் "கங்காரு தாய் பராமரிப்பு" என்று பெயர் வந்தது. அப்பாவும் பாட்டியும்கூட மாற்றி மாற்றி வைத்துக்கொள்ளலாம்.

"கருவி வாங்க முடியாதவர்களின் வழி" என்று இதைச் சிலர் நினைத்தார்கள். ஆனால் இந்தியா உள்பட ஐந்து நாடுகளில் நடந்த ஓர் ஆய்வின் முடிவு 2021-ல் வெளிவந்தது. 1 கிலோவிலிருந்து 1.8 கிலோவுக்குள் பிறந்த 3,211 குழந்தைகள் அதில் இருந்தார்கள். உடல்நிலை சீரான பிறகு இந்த முறையைத் தொடங்குவதைவிட, பிறந்தவுடனே தொடங்கியபோது இறப்பு 25 சதவீதம் குறைந்தது! டில்லியின் சஃப்தர்ஜங் மருத்துவமனையும் இந்த ஆய்வில் பங்கேற்றது. பிறந்தவுடன் இதைத் தொடங்கும்படி 2022-ல் உலக சுகாதார நிறுவனமும் பரிந்துரை செய்தது. நம் தமிழ்நாட்டு அரசு மருத்துவமனைகளிலும் இந்த முறை நடைமுறையில் இருக்கிறது.

"கீழ்ப்படி" என்று நாம் ஒதுக்கி வைத்த விலங்கின் பெயரில் எத்தனை குழந்தைகள் பிழைக்கிறார்கள், பாருங்கள்!

ஒரு வேண்டுகோள்

அன்று அந்தப் படியில் உட்கார்ந்தபடியே அவளிடம், "அம்மா, அந்த வகுப்பில் நான் பேசியது தப்பு. அவர்கள் சிரித்தபோது நான் தடுத்திருக்க வேண்டும்" என்றேன். அவள் கொஞ்ச நேரம் ஒன்றும் சொல்லவில்லை. பிறகு, "அப்போ ரொம்ப அழுதேன் சார். வீட்டுல யார்கிட்டயும் சொல்லல. ஆனா இவனை நெஞ்சுல கட்டிக்கிட்டு இருந்தப்போ, கங்காருன்னா கேவலம் இல்லன்னு தெரிஞ்சிடுச்சு" என்றாள்.

குழந்தைகளே, வகுப்பில் ஒருவன் ஒரு நாள் சொன்ன சொல்லை இருபது ஆண்டுகள் ஒருத்தி சுமந்திருக்கிறாள். சொன்னவன் மறந்திருப்பான். சிரித்தவர்களும் மறந்திருப்பார்கள். உங்கள் வகுப்பிலும் மாதம் நிறையாமல் பிறந்தவர்கள் இருக்கலாம். மெல்லப் பேசுபவர்கள், மெல்ல நடப்பவர்கள், மெல்லப் படிப்பவர்கள் இருக்கலாம். அவர்கள் யாரும் அரைகுறை இல்லை. யாராவது அப்படிச் சொன்னால் சேர்ந்து சிரிக்காதீர்கள். "அப்படிச் சொல்லாதே" என்று ஒருவராவது எழுந்து சொல்லுங்கள். அன்று என் வகுப்பில் அப்படி ஒருவர்கூட எழவில்லை. முதலில் சொல்லியிருக்க வேண்டியவன் கையில் சாக்பீஸோடு நின்றிருந்தான்.

அடுத்த முறை தேர்வில் கங்காரு வந்தால் இப்படி எழுதுங்கள்: "கங்காரு தன் குட்டியைக் குறைந்த நாள் வயிற்றில் வளர்க்கிறது. நீண்ட நாள் பாலில் வளர்க்கிறது. குட்டி, தனக்குரிய காலத்தில், தனக்குத் தேவையான உறுப்புகளோடு பிறக்கிறது."

அதற்கு என் கையால் முழு மதிப்பெண் போடுவேன்.

அன்புடன்,
ஓய்வு பெற்ற ஆசிரியர்,
திருத்தணி.